ஷா ஆலாமில் ஒரு ஜப்பானிய வட்டம்

கிள்ளானில் கொமுட்டர் இரயில் ஏறினால் சில நிறுத்தங்களிலேயே ஷா ஆலாம் வந்துவிடும். ஆண்டுக்கு ஒருமுறை, பெரும்பாலும் ஜூலை மாதச் சனிக்கிழமை ஒன்றில், அந்நகரின் விளையாட்டரங்கில் போன் ஓடோரி என்னும் ஜப்பானியக் கோடைக்கால ஆட்ட விழா நடைபெறுகிறது. திடலின் நடுவே உயரமான மேடை ஒன்று எழுப்பப்படும். யாகுரா என்பது அதன் பெயர். மேடைமேல் பெரிய முரசு இருக்கும். மேடையிலிருந்து நாற்புறமும் செல்லும் கயிறுகளில் காகித விளக்குகள் தொங்கும். முரசு அதிரத் தொடங்கியதும், யுக்காத்தா எனும் மெல்லிய பருத்தி ஆடை அணிந்த ஜப்பானியர்கள் மேடையைச் சுற்றி வட்டமாக ஆடத் தொடங்குவர். சிறிது நேரத்தில் அந்த வட்டத்தில் பாஜு கூரோங் அணிந்தவர்கள், சட்டையும் காற்சட்டையுமாக வந்த இளையோர், கைக்குழந்தையோடு வந்த பெற்றோர் எனப் பலரும் சேர்ந்துகொள்வர். விரும்பிப் பார்க்கும் அனிமே தொடரின் நாயகனைப் போல் வேடமிட்டு வருவோரும் உண்டு.

இவ்விழா கிள்ளான் பள்ளத்தாக்கில் 1977-ஆம் ஆண்டிலிருந்து நடந்து வருகிறது. தொழில் நிமித்தம் இங்கு வந்து தங்கிய ஜப்பானியக் குடும்பங்கள், தங்கள் பிள்ளைகள் தாய்நாட்டின் பண்பாட்டை மறந்துவிடக் கூடாது என்னும் எண்ணத்தில் இதனைத் தொடங்கின. தோட்டத்து லயத்துக்கு அருகில் ஓர் அத்தாப்புக் கொட்டகையில் தமிழ்ப்பள்ளி நடத்திய நம் முன்னோருக்கு இந்தக் கவலை நன்றாகவே விளங்கியிருக்கும்.

ஆட்டத்தைக் கற்றுக்கொள்வது எளிது. நான்கைந்து அசைவுகள், அவையே திரும்பத் திரும்ப வரும். முன்னே ஆடுபவரைப் பார்த்துக்கொண்டே ஆடினால், இரண்டாவது சுற்றில் கைகள் பழகிவிடும். பார்வையாளர், கலைஞர் என்ற பிரிவு இதில் கிடையாது. தமிழர்க்கு இது கும்மியை நினைவூட்டும். கும்மியிலும் நடுவில் ஒரு விளக்கோ முளைப்பாரியோ இருக்கும். சுற்றி நிற்பவர் எல்லாரும் ஆடுபவரே.

போன் ஓடோரி ஆட்டங்களுள் ஜப்பானெங்கும் புகழ்பெற்றது 'தான்கோ புஷி'. நிலக்கரிச் சுரங்கப் பாட்டு என்பது இதன் பொருள். ஜப்பானின் தெற்கிலுள்ள கியூஷு தீவில் சுரங்கத் தொழிலாளர்கள் பாடிய பாட்டு இது. இதன் அசைவுகளைக் கூர்ந்து கவனித்தால் ஒரு தொழிலாளியின் வேலை நேரம் முழுவதும் கண்முன் விரியும். முதலில் மண்வெட்டியால் இருமுறை தோண்டுதல்; பின்னர் தோண்டிய கரியைத் தோளுக்குப் பின்னால் வீசுதல்; நெற்றியில் கைவைத்து நிலவை அண்ணாந்து பார்த்தல்; கரி நிறைந்த வண்டியை முன்னோக்கித் தள்ளுதல். இவ்வளவுதான் ஆட்டம். சுரங்கத்தின் இருளும் புழுதியும் அதில் இல்லை. முதுகு ஒடிய உழைத்தவர்களின் உடலசைவு மட்டும் அழகாகி நிற்கிறது. நாற்று நடும்போதும் ஏற்றம் இறைக்கும்போதும் பிறந்த தமிழ்ப் பாட்டுகளும் இப்படித்தான் வயலைவிட்டு மேடைக்கு வந்தன. பால்மரக் காட்டில் பாடப்பட்ட பாட்டுகளுக்கு மட்டும் இத்தகைய வட்டம் ஒன்று அமையவில்லை. அவற்றுள் பல, பாடிய பாட்டிகளோடு மறைந்துபோயின.

போன் என்னும் சொல் ஓபோன் நாள்களைக் குறிக்கும். இறந்த முன்னோரின் ஆவி அந்நாள்களில் வீடு திரும்புவதாக ஜப்பானியர் கருதுவர். புத்தரின் சீடர் ஒருவர் தம் தாயின் ஆவி துன்பத்திலிருந்து விடுபட்டதைக் கண்டு மகிழ்ந்து ஆடியதே இவ்வாட்டத்தின் தொடக்கம் என்று கதை வழங்குகிறது. ஆடி அமாவாசையில் முன்னோரை நினைக்கும் வழக்கமுடைய தமிழர்க்கும், பசித்த ஆவிகளின் மாதத்தைக் கடைப்பிடிக்கும் சீனர்க்கும் இதில் வியப்படைய ஒன்றுமில்லை. ஆனால், இன்று ஜப்பானிய ஊர்களில் பலருக்கு இது கோடைவிடுமுறையில் அண்டை அயலார் கூடி ஆடும் விழா. 1960-களிலேயே குழந்தைகளின் கார்ட்டூன் பாட்டுக்கு அங்கே போன் ஓடோரி ஆடியிருக்கிறார்கள். நகோயா வட்டாரத்தில் 1980-களின் துள்ளலிசைப் பாடல் ஒன்று போன் ஓடோரிப் பாட்டாகவே நிலைத்துவிட்டது.

அவ்வாறாயின் இது சமயமா, பண்பாடா? இந்தக் கேள்வி 2022-ஆம் ஆண்டில் மலேசியாவில் பெரும் விவாதமாக எழுந்தது. கோவிட்-19 பெருந்தொற்றால் தடைபட்ட விழா மீண்டும் நடைபெறவிருந்த வேளையில், முஸ்லிம்கள் அதில் கலந்துகொள்ள வேண்டாம் என்ற கருத்து முன்வைக்கப்பட்டது. மேன்மைதங்கிய சிலாங்கூர் சுல்தான் அவர்கள், தாமே முன்னர் இவ்விழாவிற்குச் சென்று வந்ததைக் குறிப்பிட்டு, அதனைத் தடுக்க வேண்டியதில்லை என ஆணையிட்டார். சமயத்திற்கும் பண்பாட்டிற்கும் உள்ள வேறுபாட்டை நேரில் வந்து காணுமாறும் அழைப்பு விடுத்தார். அவ்வாண்டு ஜூலை 16-ஆம் நாள் ஏறத்தாழ 50 ஆயிரம் பேர் ஷா ஆலாமில் திரண்டனர். பலர் அரங்கத்திற்குள் நுழையவே நெடுநேரம் காத்திருந்தனர். ஜப்பானியக் குழந்தைகளுக்காகத் தொடங்கிய சிறு நிகழ்வு அன்றிரவு மலேசியர்களின் விழாவாகவே காணப்பட்டது.

அத்திடலில் அனைவரையும் ஈர்ப்பது தைக்கோ எனப்படும் முரசு. அகன்ற மரக்குடத்தின் இருபுறமும் மாட்டுத்தோல் இறுக்கி ஆணியடித்த கருவி அது. பலர் வரிசையாக நின்று, உடலையே வில்லாக வளைத்து, ஒரே தாளத்தில் முழக்கும்போது கேட்பவரின் நெஞ்சுக்கூடு அதிரும். இதைப் பார்ப்பவர், ஆயிரமாண்டுப் பழைமையான கலையைக் காண்பதாக எண்ணிக்கொள்வார். முரசு பழையதுதான். கோயில்களிலும் போர்க்களங்களிலும் அது ஒலித்தது. ஆனால், வெவ்வேறு அளவு முரசுகளைச் சேர்த்துக் குழுவாக முழக்கும் இம்முறை 1951-ஆம் ஆண்டில் பிறந்தது. அதை உருவாக்கிய டாய்ஹாச்சி ஒகுச்சி ஒரு ஜாஸ் இசைக் கலைஞர். ஜாஸ் இசையில் ஒருவரே பல முரசுகளை வைத்து வாசிப்பதைப் போல், ஊர்க்கோயில் முரசுகளைப் பலர் கையில் கொடுத்து அவர் புதிய இசையை அமைத்தார். பழைமையின் அடையாளமாக உலகம் கொண்டாடும் ஒரு கலை, இன்றைய தாத்தா பாட்டி சிலரைவிட வயதில் இளையது.

இதில் ஏமாற்று எதுவும் இல்லை. மரபு என்பது பெரும்பாலும் இப்படித்தான் உருவாகிறது. சீனப் புத்தாண்டின்போது நாம் கேட்கும் 24 பருவ முரசு முழக்கமும் பழங்காலச் சீனாவிலிருந்து வந்ததன்று. அது 1988-இல் ஜொகூர் பாருவில் உருவாகி, மலேசியாவிலிருந்து பிற நாடுகளுக்குச் சென்றது. தைப்பூசத்தில் பத்துமலைப் படியடியில் அதிரும் உருமி மேளமும் அத்தகையதே. உருமி தமிழகத்து நாட்டார் கருவி. ஆயினும், சீருடை அணிந்து, பெயர்ப்பலகையுடன், குழுக்குழுவாக வந்து முழக்கும் இளைஞர்களின் உருமி மேளம் இந்நாட்டின் தமிழ் இளையோர் தம் கையால் வளர்த்தெடுத்த வடிவம். அதை வெறும் இரைச்சல் என்று ஒதுக்குவோர், தைக்கோவிற்கு மட்டும் கைதட்டுவது விந்தைதான்.

புதியதில் பழைமை தெரிவது ஒருபுறமிருக்க, உண்மையிலேயே பழையதொரு கலை எவ்வாறு உயிர்த்திருக்கிறது என்பதை அறிய ஒசாக்கா நகரத்துப் புன்ராக்குப் பொம்மலாட்டத்தைப் பார்க்கவேண்டும். தக்கேமோத்தோ கிதாயு என்னும் கதைசொல்லி 1684-இல் அந்நகரில் அரங்கம் அமைத்தார். சிக்காமாட்சு மொன்சாயேமொன் (1653–1725) அதற்காக எழுதிய நாடகங்கள் இன்றும் நடிக்கப்படுகின்றன. பொம்மையின் உயரம் ஏறத்தாழ ஒரு மீட்டர் அல்லது சற்று மிகுதி. தொடக்கத்தில் ஒரு பொம்மையை ஒருவரே இயக்கினார். 1734-ஆம் ஆண்டு முதல் மூவர் சேர்ந்து இயக்கும் முறை வந்தது.

மூவருள் தலைமை ஆட்டுநர் பொம்மையின் தலையையும் வலக்கையையும் இயக்குவார். இரண்டாமவர் இடக்கையை மட்டும் இயக்குவார். மூன்றாமவர் குனிந்தபடியே கால்களை இயக்குவார். பெண் பொம்மைகளுக்குப் பெரும்பாலும் கால்களே இரா. மூன்றாமவர் தம் முட்டியை ஆடைக்குள் விட்டு, மடிப்புகளை அசைத்தே அவள் நடப்பதாகவும் மண்டியிடுவதாகவும் காட்டிவிடுவார். கால்களுக்குப் பத்தாண்டு, இடக்கைக்குப் பத்தாண்டு பயின்ற பின்னரே தலையைத் தொடலாம் என்பது அக்கலையில் வழங்கும் பேச்சு. ஆட்டத்தின்போது அவர்கள் ஒருவரோடொருவர் பேசுவதில்லை. தலைமை ஆட்டுநர் பொம்மையின் தலையையோ தோளையோ மிக நுண்மையாக அசைப்பார். அடுத்து என்ன செய்யவேண்டும் என்பதை மற்ற இருவரும் அதிலிருந்தே உணர்ந்துகொள்வர். அவ்விருவரின் முகத்தையும் கருந்துணி மூடியிருக்கும். பத்திருபது ஆண்டுகள் உழைப்பவரின் முகத்தை அரங்கிலுள்ள எவரும் காண்பதில்லை.

பொம்மைகளுக்குக் குரல் கொடுப்பவர் வேறொருவர். மேடையின் ஓரத்தில் அமர்ந்திருக்கும் அவரே அரசன், அரசி, கிழவன், குழந்தை என எல்லாருடைய குரலிலும் பேசி, அழுது, சிரித்துக் கதையை நடத்துவார். அருகில் ஷாமிசென் என்னும் மூன்று தந்தி இசைக்கருவி ஒலிக்கும். இதைக் கிளந்தானின் வாயாங் கூலிட் எனும் நிழற்பாவைக்கூத்தோடு ஒப்பிடலாம். அங்கே தோக் டாலாங் என்னும் ஒரே கலைஞர் பாவைகளையும் ஆட்டுவார், எல்லாக் குரல்களையும் தருவார், இசைக்குழுவையும் நடத்துவார். ஜப்பானியர் ஓர் உயிரை உண்டாக்க ஐவரைக் கூட்டினர். கிளந்தான் கலைஞரோ ஓர் உலகத்தையே தனியாளாய்ச் சுமந்தார். இவற்றுள் எது உயர்ந்தது என்று கேட்பதில் பொருளில்லை. ஆனால், தனியாளைச் சார்ந்த கலை அவர் கண்மூடியதும் தடுமாறும் என்பதை மறுக்க முடியாது.

புன்ராக்குவும் தடுமாறாமல் இல்லை. கலைஞர்கள் போதாமல் போனதால், 1972-ஆம் ஆண்டில் புதியவர்களுக்குப் பயிற்சி அளிக்கும் திட்டம் தொடங்கப்பட்டது. 1984-இல் ஒசாக்காவில் தேசியப் புன்ராக்கு அரங்கம் கட்டப்பட்டது. யுனெஸ்கோவின் ஏற்பும் கிடைத்தது. இவ்வளவுக்குப் பின்னும், 2012-இல் ஒசாக்கா நகர மேயர் இக்கலைக்கு வழங்கப்படும் மானியத்தைக் குறைக்க முனைந்தார். மக்கள் வந்து பார்க்காத கலைக்கு மக்கள் வரிப்பணம் எதற்கு என்பது அவர் கேட்ட கேள்வி. அதைக் கேட்டுச் சினந்தவர்கள் பலர். ஆனால், சினந்தவர்களுள் எத்தனை பேர் அரங்கிற்குச் சென்று சீட்டு வாங்கினர் என்பதும் கேட்கத்தக்கதே.

கபுக்கி நாடகம் இந்தச் சிக்கலை வேறு வழியில் எதிர்கொண்டது. 1603-ஆம் ஆண்டளவில் கியோத்தோவில் ஒகுனி என்னும் பெண் ஆடிய ஆட்டத்திலிருந்து பிறந்தது அது. 1629-இல் அரசு பெண்கள் மேடையேறுவதைத் தடைசெய்தது. பெண் தொடங்கிய கலையில் பெண்ணுக்கே இடமில்லாமல் போயிற்று. இன்றும் கபுக்கியின் பெண் வேடங்களை ஆண்களே பூணுகின்றனர். தமிழகத் தெருக்கூத்தில் திரௌபதி வேடம் பூணும் ஆண் கலைஞரை அறிந்தவர்க்கு இது புதிதாகத் தோன்றாது. கதையின் உச்சத்தில் நடிகர் கண்களை உருட்டி, உடலை முறுக்கி, அப்படியே சிலைபோல் நின்றுவிடுவார். உடனே அரங்கின் பின்வரிசையிலிருந்து ஒருவர் அந்நடிகரின் குடிப்பெயரை உரக்கக் கூவுவார். நம் திரையரங்குகளில் நாயகன் திரும்பிப் பார்க்கும் கணத்தில் எழும் சீழ்க்கை ஒலியின் மூத்த உறவு இது. 2015-இல் தோக்கியோவில் புகழ்பெற்ற 'ஒன் பீஸ்' மங்காக் கதையே கபுக்கி நாடகமாக அரங்கேறியது. கபுக்கியைப் பார்த்திராத இளையோர் கூட்டமாக வந்தனர்.

மங்கா, அனிமே ஆகியவற்றின் வேரைத் தேடுவோர் பலரும் பழைய சுருள் ஓவியங்களைக் காட்டுவர். அவற்றைவிட நெருங்கிய உறவு மிதிவண்டியில் வந்தது. 1930-களில் ஜப்பானிய நகரத் தெருக்களில் காமிஷிபாய் என்னும் காகித நாடகம் காட்டுவோர் வலம் வந்தனர். மிதிவண்டியின் பின்புறம் ஒரு சிறு மரச்சட்டம். அதற்குள் வண்ண ஓவியங்கள் அடுக்கப்பட்டிருக்கும். இரு மரக்கட்டைகளைத் தட்டி ஒலி எழுப்பியதும் பிள்ளைகள் ஓடிவருவர். மிட்டாய் வாங்கியவர்க்கு முன்வரிசை. ஓவியத்தை ஒவ்வொன்றாக உருவியபடி, குரலை மாற்றி மாற்றிக் கதைசொல்வார் அவர். நாயகன் மலை விளிம்பில் தொங்கும்போது கதை நின்றுவிடும். மீதியைக் கேட்க நாளை மீண்டும் மிட்டாய் வாங்கவேண்டும். தொலைக்காட்சித் தொடர்கள் இன்றும் இந்த உத்தியைக் கைவிடவில்லை.

1953-இல் ஜப்பானில் தொலைக்காட்சி ஒளிபரப்புத் தொடங்கியபோது மக்கள் அதற்கு இட்ட பெயர்களுள் ஒன்று 'மின்சாரக் காமிஷிபாய்'. பெயரைக் கொடுத்த கலையை அது சில ஆண்டுகளிலேயே தெருவிலிருந்து துரத்திவிட்டது. காகித நாடகத்திற்குப் படம் வரைந்தவர்களுள் சிலர் மங்கா வரையச் சென்றனர்.

1963-ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள், ஒசாமு தெசுக்காவின் 'ஆஸ்ட்ரோ பாய்' தொடர் ஜப்பானியத் தொலைக்காட்சியில் தொடங்கியது. வாரந்தோறும் அரைமணி நேர அசைவூட்டப் படம் என்பது அக்காலத்தில் நடவாத காரியமாகக் கருதப்பட்டது. திரைப்படச் சுருளில் ஒரு நொடிக்கு 24 படச்சட்டங்கள் ஓடும். ஒவ்வொன்றுக்கும் தனித்தனியே வரைந்தால் ஒரு வாரத்திற்குள் ஒரு பகுதியை முடிக்கவே இயலாது. தெசுக்காவின் குழுவினர் ஓர் ஓவியத்தை மூன்று சட்டங்களுக்குப் பயன்படுத்தினர். பேசும்போது உதடு மட்டும் அசைந்தது. ஒரு முறை வரைந்த பறக்கும் காட்சியைப் பத்திரப்படுத்தி மீண்டும் மீண்டும் சேர்த்துக்கொண்டனர். சில கணங்களில் படம் அசையாமல் நிற்கும். இசையும் குரலும் பின்னணியும் அதைத் தாங்கும். காகித நாடகத்தின் நின்ற ஓவியமும், கபுக்கி நடிகரின் சிலைநிலையும் பழகிய கண்களுக்கு அது குறையாகப் படவில்லை. பற்றாக்குறையிலிருந்து பிறந்த இந்த உத்திகளே பின்னர் அனிமேயின் தனி அழகாக மதிக்கப்பட்டன.

அதற்குக் கொடுத்த விலையும் உண்டு. தெசுக்கா அத்தொடரைத் தயாரிப்புச் செலவைவிடக் குறைந்த விலைக்கு ஒளிபரப்பாளருக்குக் கொடுத்தார் என்பர். குறைந்த ஊதியத்தில் நள்ளிரவுவரை வரையும் அசைவூட்டக் கலைஞர்களின் இன்றைய நிலைக்கு அதுவும் ஒரு காரணம் எனப் பலர் கருதுகின்றனர். புன்ராக்குவில் கருந்துணிக்குள் இருப்பவரைப் போல, இவர்களின் முகத்தையும் நாம் பார்ப்பதில்லை. படத்தின் இறுதியில் ஓடும் பெயர்களை வாசிப்பவரும் சிலரே.

மலேசியாவில் 1982-ஆம் ஆண்டில் கிழக்கு நோக்கும் கொள்கை அறிவிக்கப்பட்டது. மாணவர்களும் பயிற்சியாளர்களும் ஜப்பானுக்கு அனுப்பப்பட்டனர். வீட்டுக்குள் வந்த ஜப்பான் வேறு வழியாக வந்தது. நீலநிறப் பூனை எந்திரமான டோராயேமோன் மலாய்மொழியில் பேசிக்கொண்டு வரவேற்பறைக்கு வந்தது. தமிழ்ப்பள்ளிப் பிள்ளைகள் பலருக்கு மலாய் மொழியைப் பாடநூலோடு சேர்த்துக் கற்றுத்தந்த ஆசிரியருள் அந்தப் பூனையும் ஒன்று. 1966-இல் ஜப்பானில் தோன்றிய அல்ட்ராமேன், நம் நாட்டின் 'உப்பின் இப்பின்' தொடரில் அல்ட்ராமேன் ரிபுட் என்ற மலேசிய உறவினரையும் பெற்றுவிட்டார். கோலாலம்பூரில் 2002 முதல் நடந்துவரும் காமிக் பியெஸ்தாவில், உள்ளூர் இளையோர் தாம் வரைந்த படக்கதைகளைத் தாமே மேசை போட்டு விற்கின்றனர். பார்ப்பவராக இருந்தவர்கள் வரைபவராக மாறுவதை அங்கே காணலாம்.

கலைப் பயணம் ஒருவழிப் பாதையுமன்று. 1995-இல் வெளிவந்த ரஜினிகாந்தின் 'முத்து' திரைப்படத்தை ஜப்பானியத் திரைவிமர்சகர் ஜுன் எடோக்கி சிங்கப்பூரில் கண்டார். அவரது முயற்சியால் 1998-இல் 'ஆடும் மகாராஜா' என்ற பெயரோடு அது தோக்கியோவில் திரையிடப்பட்டு, ஷிபுயா பகுதியிலுள்ள ஓர் அரங்கில் 23 வாரங்கள் ஓடியது. தென்கிழக்காசியத் தமிழரின் திரைப்பட விருப்பமே தமிழ்ப்படம் ஜப்பானுக்குப் போகும் பாலமாக அமைந்தது. அதற்கு முன்பே யூகோ சாக்கோ என்னும் ஜப்பானியர், ராம் மோகன் முதலிய இந்தியக் கலைஞர்களோடு சேர்ந்து இராமாயணத்தை அனிமேயாக உருவாக்கியிருந்தார். இதிகாசத்தைக் கார்ட்டூனாக்கலாமா, அதையும் ஓர் அயல்நாட்டவர் செய்யலாமா என்று எதிர்ப்பு எழுந்தது. எதிர்ப்பைக் கடந்து 1992-இல் முடிக்கப்பட்ட அப்படம், 2025 ஜனவரியில்தான் தமிழ்க் குரலோடு இந்தியத் திரையரங்குகளுக்கு வந்தது.

இவ்வளவும் பேசியபின், மலேசியத் தமிழ் வீடுகளில் ஜப்பான் என்னும் சொல் எப்போதும் இன்பம் தருவதாக இருந்ததில்லை என்பதையும் கூறவேண்டும். 1941 டிசம்பரில் ஜப்பானியப் படை கோத்தா பாருவில் இறங்கியது. 1945 வரை நீடித்த அந்த ஆட்சியைப் பெரியவர்கள் 'ஜப்பான்காரன் காலம்' என்பர். மரவள்ளிக்கிழங்கைத் தின்று உயிர்வாழ்ந்த காலம் அது. தாய்லாந்தையும் பர்மாவையும் இணைக்க 1942-க்கும் 1943-க்கும் இடையில் அமைக்கப்பட்ட 415 கிலோமீட்டர் இரயில் பாதைக்கு, மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழர்கள் கூட்டம் கூட்டமாகக் கொண்டு செல்லப்பட்டனர். வேலையும் கூலியும் கிடைக்கும் என்று நம்பிச் சென்றவர்கள் உண்டு. பிடித்து லாரியில் ஏற்றப்பட்டவர்களும் உண்டு. வாந்திபேதியாலும் மலேரியாவாலும் பசியாலும் பல்லாயிரவர் அக்காட்டிலேயே மடிந்தனர். கொள்ளுப் பேரன் அனிமே பாடலை முணுமுணுக்கும் வீட்டின் சுவரில், சயாமுக்குப் போய்த் திரும்பி வராத ஒருவரின் படம் இருக்கக்கூடும். படம்கூட எடுக்கப்படாமல் போனவரே மிகுதி.

போரின் கொடுமையை ஜப்பானியக் கலைஞர்கள் மறைத்துவிட்டனர் என்று பொதுவாகச் சொல்லிவிட முடியாது. ஹிரோஷிமா அணுகுண்டிலிருந்து தப்பிய கெய்ஜி நாக்காசாவா 1973-இல் 'வெறுங்கால் கென்' என்ற மங்காவை வரையத் தொடங்கினார். இசாவோ தக்காஹாத்தா 1988-இல் இயக்கிய 'மின்மினிகளின் கல்லறை' என்ற அனிமே, போரில் பெற்றோரை இழந்த அண்ணன் தங்கையின் பட்டினியைக் காட்டுகிறது. ஷிகேரு மிசுக்கி ஒரு போர்வீரராகவே ரபாவுலுக்கு அனுப்பப்பட்டவர். குண்டுவீச்சில் இடக்கையை இழந்து நாடு திரும்பினார். எஞ்சிய ஒரு கையால் காமிஷிபாய்க்குப் படம் வரைந்தார். பின்னர் மங்கா உலகின் பெரும்புள்ளியானார். வீரர்களை வீணே சாகும்படி ஏவிய தம் நாட்டுத் தளபதிகளை அவர் 1973-இல் வரைந்த போர்க்கதை கடுமையாகச் சாடுகிறது.

ஆனால், இக்கதைகளில் துன்புறுபவர் ஜப்பானியச் சிறுவரும் ஜப்பானியச் சிப்பாயுமே. கோலசிலாங்கூரிலோ பந்திங்கிலோ பால்வாளியைக் கீழே வைத்துவிட்டு லாரி ஏறிய தமிழர் அவற்றில் இல்லை. அவரைப் பற்றி அறிய வேறு நூல்களைத் தேடவேண்டும். ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' ஆகிய இரு நாவல்களும் அந்தப் பாதையைப் பற்றியவை. இரண்டையும் எழுதியவர்கள் மலேசியத் தமிழர்கள்.